சிமோன் வெய் பாடம் நடத்திய ஊர்கள்

ஞாயிறு, பாரிஸ்

லுக்சம்பூர் தோட்டத்தின் தெற்கு ஓரமாகப் போகும் தெருவுக்கு ரூ ஒகுஸ்த் கோந்த் என்று பெயர். அதில் 3-ஆம் எண் கட்டடத்தில் 1929 முதல் ஒரு மருத்துவர் குடும்பம் குடியிருந்தது. அப்பா பெர்னார் வெய், அம்மா செல்மா. மகன் ஆந்த்ரே பின்னாளில் உலகம் அறிந்த கணித மேதை. மகள் சிமோன், தத்துவ ஆசிரியை. அந்த மகளைத் தேடித்தான் இந்தப் பயணம்.

சிமோன் வெய் என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது 34 வயதில் இங்கிலாந்தில், காசநோயோடு, உணவை மறுத்து இறந்துபோன ஒரு பெண். அவரைத் துறவி என்பார்கள், தியாகி என்பார்கள். எனக்கு அவர் முதலில் ஒரு பள்ளி ஆசிரியர். 1931-லிருந்து 1938 வரை, இடையிடையே விடுப்பில் போனாலும், பெண்கள் பள்ளிகளில் மேல்நிலை மாணவிகளுக்குத் தத்துவம் நடத்திச் சம்பளம் வாங்கியவர். நானும் அதே வேலையில் இருப்பவன். அரசு மேல்நிலைப் பள்ளியில் கணக்கு எடுக்கிறேன். காலாண்டு விடுமுறைக்கு லியோனில் இருக்கும் அண்ணன் மகள் வீட்டுக்கு வரச் சொன்னதும், அவர் வேலை பார்த்த ஊர்களைப் பார்த்துவிட வேண்டும் என்று முடிவுசெய்துவிட்டேன். இரவு நேரம் கிடைக்கும்போது அன்றன்றைக்கு எழுதிப் போடுகிறேன்.

இன்று நடந்தது கொஞ்ச தூரம்தான். பாந்தியோன் மண்டபத்துக்குப் பின்னால் லிசே ஆன்ரி-கத்ர். இங்கே 1925 முதல் மூன்று வருடம் சிமோன் படித்தார். அவருடைய ஆசிரியர் எமீல் ஷார்த்தியே, அலென் என்ற புனைபெயரில் எழுதியவர். 1909 முதல் 1933-இல் ஓய்வு பெறும்வரை இதே பள்ளியில் பாடம் நடத்தினார். பல்கலைக்கழகத்துக்குப் போக வாய்ப்பிருந்தும் போகவில்லை என்பார்கள். தயாரித்த குறிப்புகளைச் சொல்லி எழுதவைக்கும் பழக்கம் அவரிடம் கிடையாது. பிளேட்டோ, தெக்கார்த், கான்ட் என்று மூல நூலையே கையில் எடுத்து வரிவரியாகப் படிப்பார். யார் வேண்டுமானாலும், எந்தப் பொருளில் வேண்டுமானாலும் கட்டுரை எழுதிக் கொடுக்கலாம், திருத்தித் தருவார். எழுதுவதுதான் யோசிப்பதற்கான பயிற்சி என்று நம்பியவர். சிமோன் எழுதி எழுதிக் கொடுத்தார். வேறு உலகத்திலிருந்து வந்தவளைப் போல இருக்கிறாள் என்று அலென் அவருக்கு 'செவ்வாய்க் கிரகத்துப் பெண்' என்று பட்டப்பெயர் வைத்திருந்தார்.

அங்கிருந்து சில நிமிட நடையில் ரூ துல்ம். எக்கோல் நொர்மால் என்ற புகழ்பெற்ற கல்லூரி அங்கே இருக்கிறது. 1927-இல் பொதுத் தத்துவமும் தர்க்கமும் சேர்ந்த தேர்வில் சிமோன் வெய் முதலிடம், பின்னாளில் பெண்ணிய எழுத்தாளராகப் புகழ்பெற்ற சிமோன் த பொவ்வா இரண்டாமிடம். சீனாவில் பஞ்சம் என்ற செய்தியைக் கேட்டு அழுத மாணவி என்று பொவ்வா தன் நினைவுக் குறிப்பில் இவரைப் பற்றி எழுதியிருக்கிறார். உலகத்துக்கெல்லாம் சோறு போடும் புரட்சி ஒன்றுதான் முக்கியம் என்றாராம் இவர். மனிதர்கள் வாழ்வதற்கு ஓர் அர்த்தம் தேடித் தருவதே முக்கியம் என்றாராம் பொவ்வா. நீ பசியே அறியாதவள் என்பது பார்த்தாலே தெரிகிறது என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாராம் வெய். பேச்சு அத்தோடு முடிந்தது.

1957-இல் நோபல் பரிசு வாங்க ஸ்டாக்ஹோம் கிளம்பும் முன் எழுத்தாளர் ஆல்பெர் காம்யு ரூ ஒகுஸ்த் கோந்த் வீட்டுக்கு வந்து, சிமோனின் அறையில் கொஞ்ச நேரம் தனியாக உட்கார்ந்திருந்தார் என்பார்கள். சிமோனின் எழுத்துகளைப் பதிப்பித்தவர் அவர். எதிர்ப்பக்க நடைபாதையில் நின்று மேல்மாடி ஜன்னல்களைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன். வேறு யாரோ குடியிருக்கும் வீட்டின் மணியை அழுத்த மனம் வரவில்லை.

திங்கள், லெ புய் போகும் ரயில்

சேந்த் எத்தியெனில் மாறியதும் ரயில் சின்னதாகிவிட்டது. ஃபிர்மினி தாண்டிய பிறகு லுவார் ஆற்றின் பள்ளத்தாக்குக்குள்ளேயே போகிறோம். நாட்டின் நீளமான ஆறு இங்கே இன்னும் குழந்தை. பாறையைச் சுற்றி வளைந்து, சுரங்கப்பாதைக்குள் மறைந்து, மறுபடியும் ஜன்னலுக்குப் பக்கத்தில் வருகிறது.

தொழிற்சாலையோ துறைமுகமோ உள்ள ஊரில் வேலை வேண்டும் என்று சிமோன் கேட்டிருந்தார். கிடைத்தது இந்த மலையூர். எக்கோல் நொர்மாலில் அதிகாரியாக இருந்த பூக்லே என்ற பேராசிரியருக்கு இவருடைய அரசியல் பிடிக்காது. 'சிவப்புக் கன்னி' என்று பெயர் வைத்தவர் அவர்தான். எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரத்துக்கு அனுப்பிவிட்டால் இவள் பேரே காதில் விழாது என்று நினைத்ததாகச் சொல்வார்கள். சில மாதங்களிலேயே விழுந்தது.

செவ்வாய், லெ புய்

ஊருக்குள் எரிமலைப் பாறைகள் தூண் தூணாக நிற்கின்றன. ஒன்றின் உச்சியில் 10-ஆம் நூற்றாண்டுச் சின்னக் கோயில், புனித மிக்கேலுக்கு. 268 படிகள். இன்னொன்றின் மேல் இளஞ்சிவப்பு நிறத்தில் மாதா சிலை. கிரிமியப் போரில் ரஷ்யர்களிடம் பிடித்த 213 பீரங்கிகளை உருக்கி 1860-இல் வார்த்தது. யாத்திரிகர்கள் முதுகில் மூட்டையோடு ஸ்பெயின் பக்கம் நடக்கத் தொடங்கும் ஊர் இது. கடைகளில் சரிகைப் பின்னலும் பச்சைப் பயறு மாதிரி ஒரு பருப்பும் விற்கிறார்கள். பருப்பு நன்றாக இருந்தது. படிகள் ஏறியதில் முழங்கால் இப்போதும் வலிக்கிறது.

நான் வந்தது பிளாஸ் மிஷ்லே என்ற சதுக்கத்துக்காக. பேருந்தும் காரும் வந்து போகும் சாதாரண இடம். 1931 டிசம்பரில் வேலையில்லாதவர்கள் கல் உடைத்த இடம் இதுதான். நகராட்சி கொடுத்த வேலை அது. கூலி சொற்பம், கடுங்குளிர், முறையான கருவிகள் இல்லை. அவர்கள் கூலியை உயர்த்தக் கேட்டு மேயரைப் பார்க்கப் போனபோது 22 வயதுத் தத்துவ ஆசிரியையும் கூடவே போனார். நகர்மன்றக் கூட்டத்துக்கும் போனார். அவர்களோடு காப்பிக் கடையில் உட்கார்ந்தார். பட்டப்பகலில், இந்தச் சதுக்கத்தில், கல் உடைத்த ஒருவரோடு கை குலுக்கினார். அவ்வளவுதான். பத்திரிகைகள் கொதித்தன. மாஸ்கோவின் வேதத்தைச் சுமந்து வந்தவள் என்றும், யூதப் பிறப்பைக் குத்திக்காட்டி லேவி குலத்துச் சிவப்புக் கன்னி என்றும் எழுதினார்கள். கல்வித் துறை விசாரணைக்கு அழைத்தது, இடமாற்றம் என்று மிரட்டியது. வேலையை விட்டு நீக்குவோம் என்று சொன்ன அதிகாரியிடம், பணிநீக்கத்தை என் பணிக்குக் கிடைக்கும் இயல்பான மகுடமாகத்தான் எப்போதும் கருதி வந்திருக்கிறேன் என்று பதில் சொன்னாராம்.

இதற்கு அவர் எழுதிய மறுப்புதான் என்னை இங்கே இழுத்து வந்தது. இந்த மாவட்டத்து ஆசிரியர் சங்க இதழில் 1932-இல் வந்த சிறு கட்டுரை. தலைப்பே சாதி முறையின் எச்சம் என்பதைப் பற்றியது. அதன் சாரம் இது: கல்வி நிர்வாகம் மனித நாகரிகத்துக்குச் சில ஆயிரம் வருடம் பின்னால் நிற்கிறது, இன்னும் சாதிக் காலத்திலேயே இருக்கிறது. பின்தங்கிய இந்திய மக்களிடம் இருப்பதுபோல அதற்கும் தீண்டத்தகாதவர்கள் உண்டு. கதவு சாத்திய அறைக்குள் என்றால் ஓர் ஆசிரியை அவர்களோடு பழகலாம், அதுவும் வேறு வழியில்லாமல். பிளாஸ் மிஷ்லேயில் மாணவிகளின் பெற்றோர் பார்க்கும்படி கை குலுக்கக் கூடாது. எந்த வகை மனிதரோடு எந்தச் சூழலில் எத்தனை வார்த்தை பேசலாம் என்று ஓர் அட்டவணை போட்டுக் கொடுங்கள்.

'பின்தங்கிய இந்திய மக்கள்' என்ற இடத்தில் சுருக்கென்று குத்தியது உண்மை. பத்து வருடம் கழித்து இதே பெண் சமஸ்கிருத எழுத்தை ஒவ்வொன்றாக எழுதிப் பழகி உபநிடதம் படிப்பார், அது வேறு கதை. ஆனால் அந்தக் கோபத்தைக் கொஞ்ச நேரத்துக்கு மேல் என்னால் பிடித்து வைத்துக்கொள்ள முடியவில்லை. டீக்கடையில் ஒரு தெருக்காரருக்குக் கண்ணாடி டம்ளரும் இன்னொரு தெருக்காரருக்குத் தனியாக மாட்டி வைத்த டம்ளரும் இருந்த ஊர்ப் பக்கத்திலிருந்து வருகிறவன் நான். அந்தத் தெருக்களின் பிள்ளைகள் இரண்டு பேரும் இப்போது என் வகுப்பில் ஒரே பெஞ்சில் உட்காருகிறார்கள். கையில் கட்டும் கயிற்றின் நிறத்தை வைத்து யார் எந்தச் சாதி என்று காட்டிக்கொள்கிறார்கள். இதை எழுதவும் பேசவும் எங்கள் ஆசிரியர் ஓய்வறையில் எத்தனை பேர் துணிவோம்? சிமோன் வெய் தூர தேசத்து அநியாயத்தைச் சொல்லித் தன் ஊரை மெச்சிக்கொள்ளவில்லை. பாரிஸில் படித்த கனவான்களிடம், உங்களிடமும் அது இருக்கிறது என்றார். நாம் செய்ய வேண்டியதும் அதுதான், நம் பக்கத்திலிருந்து.

சாயங்காலம் அவர் பெயர் தாங்கிய லிசே வாசல் வரை போனேன். ஆம், இதே ஊரில் இன்று ஒரு மேல்நிலைப் பள்ளிக்குச் சிமோன் வெய் பெயர். பள்ளி விட்டு வந்த பெண்கள் காதில் இயர்போனோடு பேருந்துக்கு நின்றார்கள்.

இன்னொன்று விட்டுப்போனது. இடமாற்றப் பேச்சு எழுந்தபோது மாணவிகளும் பெற்றோரும் அவருக்கு ஆதரவாகக் கையெழுத்துப் போட்டு மனு கொடுத்தார்கள். பாடம் நன்றாக நடத்தாத ஆசிரியருக்காக எந்த ஊரிலும் பெற்றோர் மனு கொடுக்க மாட்டார்கள்.

புதன், சேந்த் எத்தியென்

லெ புய்யில் இருந்தபடியே வார இறுதிகளில் சிமோன் ரயில் ஏறி வந்த ஊர் இது. நிலக்கரி, ஆயுதம், சைக்கிள், ரிப்பன் என்று உழைத்துக் கறுத்த ஊர். தொழிற்சங்கங்களின் மாளிகையான பூர்ஸ் து த்ரவாய் இன்றும் கம்பீரமாக நிற்கிறது. அங்கே சுரங்கத் தொழிலாளர்களுக்குப் பிரெஞ்சு மொழியும் அரசியல் பொருளாதாரமும் நடத்தினார். கூலி வாங்கவில்லை, தன் சம்பளத்தில் வேலையில்லாதவருக்குக் கிடைக்கும் உதவித்தொகை அளவை மட்டும் வைத்துக்கொண்டு மீதியைத் தொழிலாளர் நிதிக்கும் புத்தகங்களுக்கும் கொடுத்தார். ஊரில் அடுப்புக்கரி வாங்க முடியாதவர்கள் இருக்கும்போது என் அறைக்கு எதற்குச் சூடு என்று குளிரில் கிடந்தார். அம்மா அவ்வப்போது வந்து, மகளுக்குத் தெரியாமல் வீட்டுச் செலவைச் சரிக்கட்டிவிட்டுப் போவார்.

தொழிலாளர்களுக்கு அவர் ஏன் மொழி நடத்தினார் என்று யோசித்துக்கொண்டே கூரியோ சுரங்கத்துக்கு நடந்தேன். 1973-இல் மூடி, 1991-இல் அருங்காட்சியகமாகத் திறந்திருக்கிறார்கள். பின்னால் இரண்டு கறுப்பு மலைகள். மண்ணுக்கடியிலிருந்து நிலக்கரியோடு வந்த கழிவைக் கொட்டிக் கொட்டி உயர்ந்தவை, இப்போது புல் முளைத்திருக்கிறது. உள்ளே தொழிலாளர் உடை மாற்றும் கூடம். உடைகளைக் கொக்கியில் மாட்டிச் சங்கிலியால் உத்தரம் வரை இழுத்துவிடுவார்கள். சங்கிலி ஒவ்வொன்றுக்கும் எண். நிமிர்ந்து பார்த்தால் நூற்றுக்கணக்கான சட்டைகள், கால்சட்டைகள், பூட்ஸுகள், ஆள் இல்லாமல் தொங்குகின்றன. தூக்கில் தொங்குபவர்களின் கூடம் என்றுதான் தொழிலாளர்களே அதற்குப் பெயர் வைத்திருந்தார்கள்.

1932-இல் சிமோன் இந்தப் பகுதியில் ஒரு சுரங்கத்துக்குள் இறங்கினார். காற்றழுத்தத் துளைக் கருவியைத் தானே பிடித்துப் பார்த்தார். பிறகு எழுதியதில் ஓர் அவதானிப்பு உண்டு: முன்பு போராட்டம் நிலக்கரிக்கும் மனிதனுக்கும் நடுவில், இப்போது அது நிலக்கரிக்கும் அழுத்தக் காற்றுக்கும் நடுவில் நடக்கிறது. மனிதன் கருவியைப் பிடித்துக்கொண்டு அதன் அதிர்வைத் தன் உடம்பால் வாங்கிக்கொள்ளும் கூடுதல் பாகமாகிவிட்டான். ஆகவே சுரங்கம் முதலாளி கையிலிருந்து தொழிலாளி கைக்கு வந்தால் மட்டும் போதாது, அந்தக் கருவியே மாற வேண்டும் என்றார். மார்க்ஸை ஊன்றிப் படித்தவர், ஆனால் எந்தக் கட்சியிலும் சேராதவர். 1933 டிசம்பர் கடைசியில் டிராட்ஸ்கியையே பாரிஸ் வீட்டுக் கட்டடத்தில் தங்கவைத்து, சோவியத் அரசு தொழிலாளர் அரசே இல்லை என்று அவரோடு சண்டை போட்டார். ஞாயிற்றுக்கிழமை நான் எதிரில் நின்ற அதே கட்டடம்.

மொழி எதற்கு என்ற கேள்விக்கு இப்படித்தான் எனக்குப் பதில் தெரிகிறது. வேலையைப் பற்றிப் பேசும் உரிமை இஞ்சினியரிடமும் சங்கத் தலைவரிடமும் மட்டும் இருந்தால், வேலை செய்பவன் அந்தக் கருவியின் பாகமாகவே இருந்துவிடுவான். அவனே வாக்கியம் அமைக்க வேண்டும். சுரங்கத்துக்குள் எட்டு மணிநேரம் குனிந்து வந்தவர்கள் அதற்குப் பிறகு இலக்கணம் படிக்க வந்து உட்கார்ந்தார்கள். அதை நினைக்கையில் அந்த ஆசிரியையைவிட அந்த மாணவர்கள்மேல் எனக்கு மரியாதை கூடுகிறது.

வியாழன், ரோவான்

இங்கே பார்க்க அதிகம் இல்லை. நெசவாலைகள் ஓய்ந்துபோன, அமைதியான ஊர். கால்வாய்க் கரையில் படகுகள் கட்டியிருக்கின்றன. ஆனால் சிமோன் வெய் எப்படிப் பாடம் நடத்தினார் என்று நமக்குத் தெரிவது இந்த ஊரால்தான். 1933-34-இல் இங்கே அவரிடம் படித்த ஆன் ரெனோ என்ற மாணவி எடுத்த குறிப்புகள் 1959-இல் 'தத்துவப் பாடங்கள்' என்று புத்தகமாக வந்தன. வகுப்பு சிறியது. பள்ளித் தோட்டத்துக்குள் தனியாக ஒரு சின்னக் கட்டடத்தில் உட்கார்வார்களாம், வெயில் நன்றாக இருந்தால் தேவதாரு மரத்தடியில். வடிவியல் கணக்கு ஒன்றைத் தேடிக்கொண்டோ சும்மா பேசிக்கொண்டோ அந்த மரத்தடியில் கழித்த பொழுதுகளை அந்த மாணவி முன்னுரையில் நினைத்துக்கொள்கிறார்.

பாடம் 'ஆன்மா என்றால் என்ன' என்று ஆரம்பிக்கவில்லை. உடம்பிலிருந்து ஆரம்பிக்கிறது. அனிச்சைச் செயல், பழக்கம், புலன்கள். இவற்றாலேயே எல்லாவற்றையும் விளக்கிவிட முடியுமா என்று போகிற தூரம் போய்ப் பார்ப்போம், எங்கே முடியவில்லையோ அங்கே மனம் என்ற ஒன்று தெரியவரும் என்பது அவர் வழி. அப்புறம் சமூகம், அரசு, கடைசியில் அறம்.

அதில் வரும் ஓர் உதாரணத்தை நான் என் வகுப்பில் திருடிப் பயன்படுத்தியிருக்கிறேன். அலெனும் அவருக்கு முன் அவருடைய குரு லான்யோவும் சொன்னது, பரம்பரையாக வந்தது. கனசதுரப் பெட்டி ஒன்றைக் கையில் பிடித்துக்கொள்ளுங்கள். அதற்கு ஆறு சமமான சதுர முகங்கள். எங்கிருந்து பார்த்தாலும் ஒரே நேரத்தில் மூன்றுக்கு மேல் தெரியாது. தெரிகிற மூன்றும் சேர்ந்தாற்போல் சதுரமாகத் தெரியாது. சாய்ந்த நாற்கரங்களாகத்தான் கண்ணில் விழும். அப்படியானால் கனசதுரத்தை யார் பார்த்தார்கள்? ஒருவரும் பார்த்ததில்லை. ஆனாலும் தெரிகிற ஒவ்வொரு கோணல் வடிவத்தையும் கனசதுரம்தான் விளக்குகிறது. பதினொன்றாம் வகுப்பில் சாக்பீஸ் பெட்டியைத் திருப்பித் திருப்பிக் காட்டி இதைக் கேட்டேன். வகுப்பில் ஒரு மாதிரி நிசப்தம். கடைசி பெஞ்சில் ஒருவன், "அப்ப எனக்குத் தெரியுறது என்ன சார்?" என்றான். கணக்கு வாத்தியாராக எனக்குக் கிடைத்த நல்ல கேள்விகளில் அது ஒன்று.

சிமோன் வகுப்பில் இதற்கெல்லாம் நேரம் இருந்தது. பாடப்புத்தகத்தை ஒதுக்கிவைத்துவிட்டு மூல நூல்களைப் படித்தார்கள், வாராவாரம் எழுதினார்கள். விளைவு, பள்ளி இறுதித் தேர்வில் தேறியவர்கள் சொற்பம். லெ புய்யிலும் அப்படி, இடையில் ஒரு வருடம் இருந்த ஓசேரிலும் அப்படி. தலைமையாசிரியர்கள் ஏன் கோபப்பட்டார்கள் என்பது எனக்கு நன்றாகவே புரிகிறது. என் மாணவர்கள் தேர்வில் தவறினால் அவர்களுடைய வீட்டில் யார் வேலைக்குப் போவது என்று முடிவாகிவிடும்; பிரான்ஸில் அந்தக் காலத்தில் லிசே வரை வந்த பெண்களின் வீடுகள் வேறு. ஆகவே அவர் செய்ததை அப்படியே செய்யச் சொல்ல மாட்டேன். ஆனால் 'சென்டம்' கணக்கெடுப்பில் கனசதுரத்துக்கு ஐந்து நிமிடம்கூட இல்லாமல் போவதையும் ஏற்க முடியவில்லை.

வெள்ளி, லியோன்

மழை. அண்ணன் மகள் வீட்டில் ரசம் வைத்தாள். நான் முழுநாளும் சிமோனின் தொழிற்சாலை நாட்குறிப்பைப் படித்தேன்.

ரோவானில் இருந்து நேராக விடுப்புப் போட்டுவிட்டு 1934 டிசம்பரில் பாரிஸில் அல்ஸ்தோம் மின்கருவி ஆலையில் கூலியாகச் சேர்ந்தார். அப்புறம் இன்னோர் ஆலை, கடைசியாக ரெனோ கார் ஆலை, 1935 ஆகஸ்ட் வரை. தொடர்ந்து கடுமையான தலைவலி அவருக்கு. குறிப்பில் தத்துவம் ரொம்பக் குறைவு. இத்தனை துண்டு, இத்தனை நிமிடம், இத்தனை கூலி, கெட்டுப்போனவை இத்தனை. பக்கம் பக்கமாக இப்படியே. ஒருநாள் பேருந்தில் ஏறும்போது, அடிமையான நானும் மற்றவர்களைப் போல இதில் ஏறலாமா என்று தோன்றியது என்கிறார். யாராவது இறங்கு என்று அதட்டியிருந்தால் அது இயல்பாகவே பட்டிருக்குமாம். ஓர் ஆசிரியைக்கு, சில மாத ஆலை வேலையில், இந்த எண்ணம் வந்துவிட்டது. தலைமுறை தலைமுறையாகச் செய்கிறவர்களுக்கு?

சனி, சேன் மார்செல் தார்தேஷ்

ரோன் ஆற்றின் கரையில் திராட்சைத் தோட்ட ஊர். நண்பர் ஒருவர் காரில் கூட்டி வந்தார். அறுவடை நடந்துகொண்டிருக்கிறது.

1941 ஆகஸ்டில் சிமோன் இங்கே வந்தார். பிரான்ஸின் வடபாதி ஜெர்மானியர் கையில். தெற்கே அவர்களுக்கு இணங்கிப்போன பிரெஞ்சு அரசு, விஷி அரசு என்பார்கள். 1940 அக்டோபர் 3-ஆம் தேதிச் சட்டம் யூதர்களை ஆசிரியர் வேலையிலிருந்து விலக்கியது. மறுபடி வேலை கேட்டு எழுதியவருக்குப் பதில் வரவில்லை. அமைச்சருக்கு ஒரு கடிதம் எழுதினார்: யூதர் என்ற சொல்லுக்கு என்ன வரையறை? மதம் என்றால் நான் யூதக் கோயிலுக்குள் காலடி வைத்ததில்லை. இனம் என்றால் இரண்டாயிரம் வருடத்துக்கு முன் பாலஸ்தீனத்தில் இருந்தவர்களோடு எனக்கு என்ன தொடர்பு என்று எப்படி நிரூபிப்பீர்கள்? தர்க்கம் கூர்மையாக இருக்கிறது. ஆனால் சட்டமே அநியாயம், யார்மேல் பாய்ந்தாலும் அநியாயம் என்று அந்தக் கடிதத்தில் அவர் சொல்லவில்லை. கல் உடைத்தவர்களோடு நடுச் சதுக்கத்தில் நின்றவர் இங்கே தன் சொந்த மக்களோடு நிற்காமல் விலகி நின்றது எனக்கு இன்றும் உறுத்துகிறது. அவரை நேசிக்கிறவர்கள் இதைத் தாண்டிப் போகக் கூடாது.

பள்ளி இல்லையென்றதும் வயலில் வேலை கேட்டார். தோமினிக்கன் குருவான பெரென் மூலமாக, இந்த ஊரில் விவசாயமும் எழுத்துமாக வாழ்ந்த குஸ்தாவ் திபோனிடம் வந்து சேர்ந்தார். வீடு வசதியாக இருக்கிறது என்று மறுத்து, ஆற்றோரம் பாதி இடிந்த குடிசை ஒன்றில் தங்கினார். பிறகு பக்கத்து ஊர் சேன் ஜூலியனில் கூலிக்குத் திராட்சை பறித்தார். நிற்க முடியாதபோது படுத்துக்கொண்டு பறித்தார் என்பார்கள். ஒருநாள், நான் எனக்கே தெரியாமல் செத்து நரகத்துக்கு வந்துவிட்டேனோ, நரகம் என்பது முடிவேயில்லாத திராட்சை அறுவடையோ என்று தோன்றியதாம்.

தோட்டக்காரர் அனுமதியோடு நானும் ஒரு வரிசையில் கொஞ்ச நேரம் பறித்தேன். கொடி இடுப்புக்குக் கீழே. குலை இலைக்குள் இன்னும் கீழே. ஒரு கையால் இலையை விலக்கி, காம்பைத் தேடி, சின்னக் கத்தரியால் வெட்டி, வாளியில் போட வேண்டும். சாறு விரலில் பிசுபிசுத்து, அதில் மண் ஒட்டி, குளவி வந்து உட்காரும். நிமிர்ந்தால் வரிசை நின்றுவிடும், குனிந்தே நகர வேண்டும். என் பக்கத்தில் பறித்த மொராக்கோக்காரர் என்னைப் பார்த்துச் சிரித்தபடியே மூன்று கொடி முன்னால் போய்விட்டார்.

இந்த வேலைக்கு நடுவில் சிமோன் ஒரு பயிற்சி செய்தார். திபோனுக்குக் கிரேக்கம் சொல்லிக்கொடுத்தபோது, கிறிஸ்தவர்களின் கர்த்தர் கற்பித்த ஜெபத்தைக் கிரேக்க மூலத்தில் மனப்பாடம் செய்திருந்தார். தினமும் காலையில் அதை ஒருமுறை முழுக் கவனத்தோடு சொல்வார். நடுவில் மனம் ஒரு துளி சிதறினாலும் முதலிலிருந்து தொடங்குவார். திராட்சை பறிக்கும்போதும் சொன்னார். அவர் கிறிஸ்தவத்தை நெருங்கியும் ஞானஸ்நானம் பெறாமலேயே வாசலில் நின்றுவிட்டார் என்பது எல்லோரும் எழுதுவது. எனக்கு அதைவிட இந்தப் பழக்கம் முக்கியமாகப் படுகிறது. ரோவானின் மரத்தடியில் பிள்ளைகளிடம் எதைக் கேட்டாரோ, அதைத்தான் இங்கே தன்னிடமும் கேட்டார்.

ஞாயிறு, மார்செய்

பழைய துறைமுகத்தைச் சுற்றி நடந்தாலே முக்கால்வாசி இடம் முடிந்துவிடுகிறது. 8, ரூ தே கத்தலான், பெற்றோரோடு குடியிருந்த இடம். கீழே குளிக்கும் கடற்கரை, குழந்தைகளின் சத்தம். 'கயே து சூத்' இதழ் துறைமுகப் பக்கத்திலிருந்து வந்தது. ஹோமரின் இலியட்டைப் பற்றி, வன்முறை தன்னைத் தாங்கியவனையும் ஏந்தியவனையும் எப்படிக் கல்லாக்குகிறது என்று சிமோன் எழுதிய கட்டுரை அதில் 1940-41-இல் வந்தது. பெயரின் எழுத்துகளை மாற்றிப் போட்டு எமீல் நோவிஸ் என்ற பெயரில். இந்த ஊரில்தான் எழுத்தாளர் ரெனே தோமாலிடம் சமஸ்கிருதம் படித்தார், கீதைக்குள் போனார். போருக்கு வேலை செய்ய இந்தோசீனாவிலிருந்து கொண்டுவந்து முகாமில் அடைத்து வைத்திருந்த தொழிலாளர்களுக்காக அதிகாரிகளிடம் அலைந்ததும் இங்கேதான்.

பாதர் பெரென் மோன்பெலியேவுக்கு மாற்றலாகிப் போனபோது, அவருடைய மாணவர்களுக்கென்று 1942-இல் ஒரு கட்டுரை எழுதிக் கொடுத்தார். பள்ளிப் படிப்பை எப்படி நல்லவிதமாகப் பயன்படுத்துவது என்பது பொருள். ஆசிரியர் வேலையை இழந்தவர் எழுதிய கடைசிப் பாடம் என்று அதை வைத்துக்கொள்ளலாம். மதம் வேண்டாதவர்களும் அதைப் படிக்கலாம்.

கவனி என்று நாம் சொன்னதும் பிள்ளைகள் என்ன செய்கிறார்கள் என்று கேட்கிறார். புருவத்தைச் சுருக்கி, மூச்சைப் பிடித்து, தசையை இறுக்குகிறார்கள். இரண்டு நிமிடம் கழித்து எதைக் கவனித்தாய் என்றால் பதில் வராது. கவனம் தசையின் வேலையே அல்ல. மனத்தை நிறுத்தி, காலியாக வைத்து, பொருள் உள்ளே வரக் காத்திருப்பது. அதை ஆசையும் மகிழ்ச்சியும்தான் நடத்த முடியும். ஒரு மணிநேரம் முயன்றும் வடிவியல் கணக்கு வரவில்லை என்றாலும் அந்த நேரம் வீணல்ல. திருத்தி வந்த தாளை, அதுவும் மோசமாக எழுதிய தாளை, ஒவ்வொரு தவறாக உட்கார்ந்து பார்ப்பதைவிட நல்ல படிப்பு இல்லை. ஆனால் எல்லோருக்கும் வருகிற ஆசை நேர்மாறானது, ஓரக்கண்ணால் பார்த்துவிட்டு ஒளித்து வைப்பது. எங்கள் வகுப்பில் மார்க்கை மட்டும் பார்த்துவிட்டு நாலாக மடித்துப் பையில் திணிப்பார்கள். எண்பது வருடத்துக்கு முன் இந்த வீட்டில் ஒருத்தி அதைப் பார்த்து எழுதியிருக்கிறாள்.

இதே கவனம்தான் கஷ்டப்படுகிற மனிதனுக்கும் வேண்டியது என்று கட்டுரை முடிகிறது. அவனிடம் 'உனக்கு என்ன வேதனை?' என்று கேட்கத் தெரிந்தால் போதும் என்கிறார். ஆக, கணக்கும் பிளாஸ் மிஷ்லேயும் அவருக்கு ஒரே பாடத்தின் இரண்டு பயிற்சிகள்.

1942 மே 14-ஆம் தேதி இந்தத் துறைமுகத்தில் பெற்றோரோடு கப்பல் ஏறினார். காசாபிளாங்கா, நியூயார்க், பிறகு தனியாக லண்டன். 1943 ஆகஸ்ட் 24 அன்று கென்ட் மாவட்டத்து ஆஷ்ஃபோர்டில் இறந்தார். கல்லறை அங்கே இருக்கிறது. நான் அங்கே போகவில்லை, விடுமுறையும் முடிகிறது.

தமிழில் இல்லையே, ஆங்கிலத்தில் முதலில் எதைப் படிப்பது என்று சிலர் கேட்டிருந்தீர்கள். பெரும்பாலும் 'ஈர்ப்பும் அருளும்' என்ற நூலைக் கையில் கொடுப்பார்கள். அது கிளம்பும் முன் அவர் திபோனிடம் ஒப்படைத்த குறிப்பேடுகளிலிருந்து திபோன் தேர்ந்தெடுத்து, தலைப்பு வாரியாக அடுக்கி, 1947-இல் வெளியிட்டது. வரிகள் பளிச்சென்று இருக்கும், ஆனால் அடுக்கு அவருடையது அல்ல. என்னைக் கேட்டால் ரோவான் மாணவியின் குறிப்புகளில் தொடங்குங்கள். ஆங்கிலத்தில் கிடைக்கிறது, நடையும் எளிது. கனசதுரம் வரும் இடத்தில் பக்கத்தில் ஒரு பெட்டியை வைத்துக்கொண்டு படியுங்கள். அதற்கடுத்து நான் சொன்ன பள்ளிப் படிப்புக் கட்டுரை, 'கடவுளுக்குக் காத்திருத்தல்' என்ற தொகுப்பில் இருக்கிறது. பத்துப் பதினைந்து பக்கம்தான். தொழிற்சாலை நாட்குறிப்பை அப்புறம் எடுத்துக்கொள்ளலாம், அதற்குப் பொறுமை வேண்டும்.